கண் நன்றாக இருக்கிறது, பார்வை எங்கே போனது? – மூளைப் பார்வை பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கண் மருத்துவமனை ஒன்றில் 14 வருடங்களாக ஃபீல்ட் டெஸ்ட் எடுக்கும் வேலை என்னுடையது. வெள்ளைக் கிண்ணம் போன்ற கருவிக்குள் முகவாயை ஊன்றி, நடுவிலுள்ள சின்ன விளக்கையே நோயாளி பார்த்துக்கொண்டிருப்பார். சுற்றிலும் அங்கொன்றும் இங்கொன்றுமாக ஒளிப்புள்ளி மின்னும். தெரிந்தால் கையிலுள்ள பொத்தானை அழுத்த வேண்டும். முடிவில் எங்கே தெரிகிறது, எங்கே தெரியவில்லை என்று ஒரு வரைபடம் அச்சாகி வரும்.

பாதி கறுத்துக் கிடக்கும் அந்தத் தாளை வாங்கிக்கொண்டு வெளியே வருகிறவர்கள், அதிலும் ஸ்ட்ரோக் வந்தவர்களின் வீட்டார், திரும்பத் திரும்ப ஒரே சந்தேகங்களைத்தான் கேட்கிறார்கள். வராந்தாவில் நின்றபடி ஐந்து நிமிடத்தில் சொல்லி முடிக்க முடியாதவை அவை. அதனால் இங்கே எழுதி வைக்கிறேன். கேள்விகளை அவர்கள் கேட்டபடியே விட்டிருக்கிறேன். சிகிச்சையைப் பொறுத்தவரை உங்கள் நரம்பியல் மருத்துவர் சொல்வதே முடிவு.

அப்பாவுக்கு ஸ்ட்ரோக் வந்து வலது கண்ணு போயிடுச்சு. இடது கண்ணை வச்சுச் சமாளிச்சுக்கலாம்ல?

பெரும்பாலும் போயிருப்பது வலது கண் இல்லை. இரண்டு கண்ணிலும் வலது பக்கக் காட்சி போயிருக்கும். வீட்டிலேயே பார்த்துவிடலாம். ஒரு கண்ணை மூடச் சொல்லி, உங்கள் மூக்கையே பார்க்கச் சொல்லுங்கள். நேர் எதிரே உட்கார்ந்து, பக்கவாட்டிலிருந்து விரலை ஆட்டிக்கொண்டே மெதுவாக உள்ளே கொண்டுவாருங்கள். அடுத்த கண்ணுக்கும் இதையே செய்யுங்கள். இரண்டு கண்ணிலும் ஒரே பக்கம் விரல் தெரியாமல் போனால் கோளாறு மூளையில்தான்.

காரணம் நரம்பு ஓடும் விதம். ஒவ்வொரு கண்ணிலிருந்தும் வரும் நரம்பு இழைகளில் மூக்கை ஒட்டிய பாதி, நடுவழியில் எதிர்ப்பக்கம் தாண்டிவிடும். அதனால் வலப்பக்கம் இருக்கும் எல்லாமே, எந்தக் கண் பார்த்தாலும், இடது மூளைக்குப் போய்ச் சேரும். இடப்பக்கம் இருப்பவை வலது மூளைக்கு. இடது மூளையின் பிடரிப் பக்கத்தில் ரத்த ஓட்டம் நின்றால் உலகத்தின் வலது பாதி போய்விடும்.

இப்படித் திடீரென்று பாதிப் பார்வை மறைந்தால் மறுநாள் கண்ணாடிக் கடைக்குப் போகாதீர்கள். உடனே ஸ்ட்ரோக் சிகிச்சை தரும் மருத்துவமனைக்குப் போக வேண்டும். அடைப்பைக் கரைக்கும் ஊசியை முதல் 4.5 மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும். வலி இல்லை, கைகால் நன்றாக இருக்கிறது என்று காத்திருந்தே பலர் அந்த நேரத்தைத் தவறவிட்டு வருகிறார்கள். ஒவ்வொரு முறையும் எனக்கு மனசு கிடந்து அடித்துக்கொள்ளும்.

கண் டாக்டர் 'கண்ணு ரெண்டும் நல்லா இருக்கு'ன்னுட்டாரு. அப்புறம் எப்படி பார்வை இல்லாம போகும்?

கண் செய்வது முதல் கட்ட வேலை. விழித்திரையில் சுமார் 12 கோடி குச்சி செல்களும் 60 லட்சம் கூம்பு செல்களும் ஒளியை வாங்குகின்றன. அவ்வளவையும் சுருக்கி, ஏறத்தாழ 10 லட்சம் இழைகள் கொண்ட பார்வை நரம்பு உள்ளே எடுத்துச் செல்கிறது. அந்த நரம்பு, மூளையின் நடுவில் சேதிகளைக் கைமாற்றும் தலாமஸ் என்ற இடத்தில் ஒருமுறை நின்று, தலையின் பின்புறத்தில், பிடரிக்குச் சற்று மேலே இருக்கும் மூளைப்பகுதிக்குச் செய்தியை அனுப்புகிறது. அங்கே போய்ச் சேர்ந்த பிறகுதான் நாம் 'பார்த்தேன்' என்று சொல்லும் காரியம் உருப்பெறத் தொடங்குகிறது.

இந்தப் பகுதியின் வரைபடம் போரிலிருந்து கிடைத்தது. 1904–05 ரஷ்ய-ஜப்பான் போரில் ரஷ்யத் துப்பாக்கிகளின் சிறிய, வேகமான குண்டுகள் சிப்பாய்களின் மண்டையை ஒரு பக்கம் துளைத்து மறுபக்கம் வெளியேறின. பலர் பிழைத்தார்கள். யாருக்கு எவ்வளவு பார்வை போயிருக்கிறது என்று ஓய்வூதியத்துக்காக அளக்கும் பொறுப்பு தட்சுஜி இனோயி என்ற இளம் கண் மருத்துவருக்கு வந்தது. குண்டு நுழைந்த துளையையும் வெளியேறிய துளையையும் நேர்க்கோட்டில் இணைத்து, மூளையில் எந்த இடம் சிதைந்தது, பார்வையில் எந்த இடம் மறைந்தது என்று பொருத்தி 1909-இல் வெளியிட்டார். நான் தினமும் அச்சிடும் தாளை மூளையின் இடத்தோடு பொருத்திப் பார்ப்பது அந்த வேலையின் வாரிசு.

பார்வை போன இடத்துல கருப்பா தெரியுமா?

தெரியாது. தாளில் கறுப்பாக அச்சாகிறது, அவ்வளவுதான். இப்போது உங்கள் தலைக்குப் பின்னால் என்ன தெரிகிறது என்று யோசித்துப் பாருங்கள். கறுப்பு தெரியவில்லை, ஒன்றுமே தெரியவில்லை. பாதிப் பார்வை போனவருக்கு அந்தப் பாதியும் அப்படித்தான்.

நம் எல்லோருக்குமே ஒவ்வொரு கண்ணிலும் ஒரு ஓட்டை இருக்கிறது. நரம்பு வெளியேறும் இடத்தில் ஒளி வாங்கும் செல்கள் கிடையாது. 1660-களில் பிரான்சின் எட்மே மாரியோட் இதைக் கண்டுபிடித்தார். செய்து பாருங்கள்: இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, கட்டை விரல்களைக் கண் மட்டத்தில் ஒட்டினாற்போல் நிமிர்த்துங்கள். இடது கண்ணை மூடுங்கள். வலது கண்ணால் இடது கட்டை விரல் நகத்தையே பார்த்துக்கொண்டு, வலது கையை மட்டும் மெல்ல வலப்பக்கம் நகர்த்துங்கள். ஒரு சாணுக்குக் கொஞ்சம் குறைவாக நகர்ந்ததும் வலது கட்டை விரலின் நுனி காணாமல் போகும். இன்னும் நகர்த்தினால் திரும்ப வரும். முதல் தடவை தவறினால் பார்வை நகத்தை விட்டு நழுவியிருக்கும், மறுபடி செய்யுங்கள். விரல் மறைந்த இடத்தில் என்ன இருந்தது? ஓட்டை இல்லை, சுவர் இருந்தது. சுற்றியிருக்கும் நிறத்தையும் கோடுகளையும் வைத்து அந்த இடம் ஒப்பேற்றப்பட்டுவிடுகிறது. சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் படித்த வி.எஸ். ராமச்சந்திரன் இந்த நிரப்பலை 1990-களின் தொடக்கத்தில் விரிவாக ஆராய்ந்தார்.

கறுப்பாகத் தெரியாததுதான் ஆபத்து. என்ன இல்லை என்பதும் சேர்ந்தே மறைவதால், பலர் கதவில் இடித்துக்கொண்ட பிறகோ, எதிரே வந்தவர் மேல் மோதிய பிறகோதான் வருகிறார்கள்.

அப்படின்னா நாம பாக்குறதெல்லாம் மூளை கட்டுற கதையா?

கதை என்றால் மனம்போனபடி கட்டலாம். இது அப்படியில்லை, வெளியிலிருந்து வரும் செய்தியோடு நொடிக்கு நொடி ஒத்துப்பார்க்கப்படும் ஊகம். கையை நீட்டினால் கட்டை விரல் நகம் எவ்வளவு பெரிதாகத் தெரியுமோ, ஏறத்தாழ அவ்வளவு இடத்தைத்தான் ஒரு நேரத்தில் நுணுக்கமாகப் பார்க்கிறோம். மீதியெல்லாம் மங்கல். கண் நொடிக்கு மூன்று தடவை போலத் தாவி அங்குமிங்கும் பொறுக்கிவருகிறது. அந்தத் தாவல்களின்போது காட்சி இழுபடுவது நமக்குத் தெரிவதில்லை. கண்ணாடி முன் நின்று இடது கண்ணையும் வலது கண்ணையும் மாறி மாறிப் பாருங்கள். உங்கள் கண் நகர்வதை உங்களால் பார்க்கவே முடியாது. பக்கத்தில் நிற்பவருக்கு நன்றாகத் தெரியும்.

மாமியார் இலையில இடது பக்கம் வச்சதைத் தொடறதே இல்ல. இதுவும் அதே பார்வைக் கோளாறுதானா?

இரண்டும் ஒருவருக்கே சேர்ந்தும் வரலாம், ஆனால் வேறு வேறு. பாதிப் பார்வை போனவரிடம் 'இடது பக்கம் பொரியல் இருக்கே' என்றால் தலையைத் திருப்பித் தேடி எடுத்துக்கொள்வார். நீங்கள் சொல்வது இடப்பக்கம் என்று ஒன்று இருப்பதே மனதில் ஏறாத நிலை. பெரும்பாலும் வலது மூளையின் பக்கவாட்டுப் பகுதி அடிபட்டால் வரும். இடது கையைப் புடவைக்குள் விட மறப்பார்கள், தலையில் வலது பாதியை மட்டும் சீவுவார்கள்.

இது கண்ணைத் தாண்டிய விஷயம் என்று 1978-இல் இத்தாலியில் எதோர்தோ பிசியாக் காட்டினார். மிலான் நகரப் பேராலயச் சதுக்கம் அந்த நோயாளிகளுக்கு நன்கு பழகிய இடம். ஒரு முனையில் நிற்பதாக நினைத்துக்கொண்டு சதுக்கத்தை விவரிக்கச் சொன்னபோது வலப்பக்கக் கட்டடங்களை மட்டும் சொன்னார்கள். எதிர் முனையில் நிற்பதாக நினைக்கச் சொன்னதும், சற்றுமுன் விட்டுவிட்ட கட்டடங்களைச் சொன்னார்கள், முதலில் சொன்னவற்றை விட்டார்கள். நினைவு முழுசாக இருந்தது. அதன் இடது பாதிக்குப் போகும் வழிதான் அடைபட்டிருந்தது.

அம்மா ஒண்ணும் தெரியலைங்கறாங்க. ஆனா அந்தப் பக்கமிருந்து ஏதாவது வேகமா வந்தா தலையைச் சாய்க்கிறாங்க. நடிக்கிறாங்களோன்னு அண்ணன் சொல்றான்.

அண்ணனிடம் சொல்லுங்கள், அம்மா நடிக்கவில்லை. தெரியவில்லை என்று அவர் சொல்வதும் நிஜம், தலையைச் சாய்த்ததும் நிஜம். முதல் உலகப் போரில் பிடரியில் குண்டடிபட்ட வீரர்களைப் பரிசோதித்த ஜார்ஜ் ரிடக், பார்வை போன பகுதியிலும் அசைவை மட்டும் சிலர் உணர்வதாக 1917-இல் எழுதினார். பல வருடம் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. 1973-இல் லண்டனில் டி.பி. என்ற எழுத்துகளால் மட்டும் அறியப்படும் ஒருவருக்கு வலது மூளையின் பார்வைப் பகுதியில் அறுவைச் சிகிச்சை நடந்தது. இடது பாதிப் பார்வை போனது. லாரன்ஸ் வைஸ்கிரான்ட்ஸ் குழுவினர் அந்தப் பாதியில் ஒளிப்புள்ளியைக் காட்டி, 'தெரியாவிட்டால் பரவாயில்லை, எங்கே என்று சும்மா ஒரு இடத்தைத் தொடுங்கள்' என்றார்கள். அவர் கை கிட்டத்தட்டச் சரியான இடத்துக்குப் போனது. கோடு நிமிர்ந்திருக்கிறதா படுத்திருக்கிறதா என்றும் சரியாகச் சொன்னார். முடிவுகளைக் காட்டியபோது அவருக்கே வியப்பு. வெறும் ஊகம்தான் சொன்னேன் என்றார். 1974-இல் வெளியான அந்த ஆய்வுக்குப் பிறகு இதற்கு பிளைண்ட்சைட் என்ற பெயர் நிலைத்தது. நான் அறியாப் பார்வை என்று சொல்லிப் பழகிவிட்டேன்.

என் மனதை விட்டு நீங்காத ஒருவர் டி.என். அவரே ஒரு மருத்துவர். 36 நாள் இடைவெளியில் இரண்டு ஸ்ட்ரோக் வந்து, இரண்டு பக்கமும் பார்வைப் பகுதி அழிந்துபோனது. பாதிகூட மிஞ்சவில்லை. வெள்ளைக் கோலோடுதான் நடப்பார். பியாட்ரீஸ் த கெல்டர் குழுவினர் அவரை ஒரு நீண்ட நடைவழிக்கு அழைத்துச் சென்று, கோலைத் தங்களிடம் கொடுத்துவிட்டு, அது இல்லாமல் நடந்துவரச் சொன்னார்கள். வழியில் பெட்டிகளும் மற்றப் பொருட்களும் கிடந்தது அவருக்குச் சொல்லப்படவில்லை. விழுந்தால் பிடிப்பதற்காக வைஸ்கிரான்ட்ஸே, வயதான அந்த மனிதர், பின்னால் நடந்து வந்தார். டி.என். ஒரு பொருளின் அருகே உடலைத் திருப்பினார், சுவரோரம் ஒதுங்கினார், அடுத்ததைச் சுற்றி வந்தார். எதிலும் இடிக்கவில்லை. நடந்ததைக் கேட்டால், சும்மா நடந்தேன் என்பதுதான் அவர் பதில். 2008-இல் இது வெளியானது. அந்தக் காணொளியை நான் எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கில்லை.

மூளையில பார்வைக்கான இடமே போயிடுச்சுன்னா, அந்தச் சேதி எந்த வழியா போகுது?

முதலில் சொன்ன 10 லட்சம் இழைகளில் பெரும்பகுதி தலாமஸ் வழியாகப் பிடரிக்குப் போகிறது. ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கு நடுமூளையிலுள்ள சிறு மேட்டுக்குப் பிரிந்து போகிறது. மீனுக்கும் தவளைக்கும் பார்வையின் முக்கிய மையம் அதுதான். எங்கே அசைகிறது, எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்பதை அது வேகமாகக் கணக்கிடும். தலாமஸிலிருந்தும் சில இழைகள் பிடரிப் பகுதியைத் தொடாமலே அசைவைக் கவனிக்கும் பகுதிக்கு நேராகப் போகின்றன. பெரிய சாலை அடைபட்டாலும் இந்தச் சந்துகள் திறந்திருக்கின்றன.

இது முதலில் ஒரு குரங்கிடம் தெரிந்தது. 1960-களில் கேம்பிரிட்ஜில் ஹெலன் என்ற குரங்குக்குப் பிடரியிலுள்ள பார்வைப் பகுதியை அகற்றினார்கள். குருடு என்றே எல்லோரும் விட்டுவிட்டார்கள். நிக்கோலஸ் ஹம்ஃப்ரி என்ற மாணவர் மட்டும் அதனோடு உட்கார்ந்து விளையாடினார், வெளியே தோட்டத்துக்குக் கூட்டிப்போனார். சில வருடங்களில் அது தரையில் சிதறிய சிறு பழங்களைப் பொறுக்கவும், தடைகளைச் சுற்றிப் போகவும் பழகியது.

சும்மா குத்துமதிப்பா சொன்னது சரியா விழுந்திருக்கலாமே? இல்லன்னா வெளிச்சம் கொஞ்சம் சிதறி நல்ல பக்கம் பட்டிருக்கலாமே?

நல்ல கேள்வி. விஞ்ஞானிகளும் இதையேதான் கேட்டார்கள். இரண்டில் ஒன்றைச் சொல்ல வேண்டிய கேள்வியில், குத்துமதிப்பு என்றால் நூற்றுக்கணக்கான தடவை கேட்கும்போது பாதிதான் சரியாக வரும். டி.பி. சில சோதனைகளில் பத்துக்கு ஒன்பதுக்கு மேல் சரியாகச் சொன்னார்.

வெளிச்சம் சிதறுவதற்குக் கிடைத்த பதில் மிக அழகானது. கட்டை விரலை மறைத்த ஓட்டை நினைவிருக்கிறதா? டி.பி.யின் குருட்டுப் பாதிக்குள்ளும் அந்த ஓட்டை ஒன்று உண்டு. அதே ஒளிப்புள்ளியை அந்த ஓட்டைமேல் விழச் செய்தால் அவரால் ஊகிக்க முடியவில்லை. அதை விட்டு நகர்த்தினால் முடிந்தது. அவரைப் பொறுத்தவரை இரண்டிலும் 'ஒன்றும் தெரியவில்லை'. சிதறல்தான் காரணமாக இருந்தால் இரண்டு இடத்திலும் ஒரே மாதிரி விழுந்திருக்க வேண்டும்.

இன்னொரு ஆட்சேபம் இன்னும் உயிரோடு இருக்கிறது. இவர்களுக்கு மிக மங்கலாக ஏதோ தெரிகிறது, அதைப் பார்வை என்று சொல்லத் தயங்குகிறார்கள் என்பது இயன் பிலிப்ஸ் போன்ற தத்துவவாதிகளின் வாதம். எட்டு வயதில் விபத்தில் பாதிப் பார்வை இழந்த ஜி.ஒய். என்பவர், வேகமாக ஏதாவது நகர்ந்தால் 'ஏதோ நடந்தது' என்ற உணர்வு வருவதாகச் சொல்லியிருக்கிறார். அவர் விஷயத்தில் பிலிப்ஸின் வாதத்துக்கு வலு உண்டு என்றே நினைக்கிறேன். ஆனால் டி.என். நடந்ததை அதை வைத்து விளக்க எனக்கு மனம் ஒப்பவில்லை.

தெரியலைன்னா தெரியலைதானே? அதுல என்ன ரெண்டு வகை?

தமிழில் இந்தச் சிக்கல் ஒரே சொல்லுக்குள் உட்கார்ந்திருக்கிறது. 'மலை தெரியுது' என்றால் கண்ணில் படுகிறது. 'விஷயம் தெரியும்' என்றால் அறிந்திருக்கிறேன். அன்றாடம் இரண்டும் ஒட்டியே வருவதால் ஒரே சொல் போதுமாக இருக்கிறது. டி.என்.னிடம் அவை பிரிந்துபோயின. பெட்டி அங்கே இருப்பது அவர் கால்களை எட்டியது. பெட்டி அங்கே இருப்பது அவருக்குத் தெரியவில்லை.

இதுக்கு நேர் எதிரா, பார்வையே இல்லாதவர் 'எனக்குத் தெரியுது'ன்னு சாதிப்பாரா?

சாதிப்பார். ஆன்டன் நோய்க்குறி என்பார்கள். இரண்டு பக்கப் பார்வைப் பகுதியும் போனவர்களில் சிலர், தமக்குப் பார்வை இல்லை என்பதையே உணர மாட்டார்கள். என்ன சட்டை போட்டிருக்கிறேன் என்று கேட்டால் தயங்காமல் ஒரு நிறம் சொல்வார்கள். சுவரில் முட்டினால் 'விளக்குப் போடலையா' என்பார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை. வீட்டில் தயவுசெய்து கேலி பேசாதீர்கள், வாக்குவாதமும் வேண்டாம். தனியாக நடக்க விடாமல் கூடவே இருங்கள்.

தாத்தாவுக்கு யாருமில்லாத முற்றத்துல சின்னப் பசங்க விளையாடுற மாதிரி தெரியுதாம். மந்திரிக்கணுமா, மனநல டாக்டர்கிட்ட போகணுமா?

மந்திரிக்க வேண்டாம். முதலில் கண்ணையும் நரம்பையும் பார்க்க வேண்டும். பார்வை பெருமளவு குறைந்தவர்களுக்கு இப்படி உருவங்கள் வருவதை சுவிட்சர்லாந்தின் ஷார்ல் பொன்னே 1760-இல் தன் தாத்தாவை வைத்தே எழுதினார். வெளியிலிருந்து சேதி வராத பார்வைப் பகுதி தானாகவே வேலை செய்யத் தொடங்குகிறது. முன்பு சொன்ன ஊகத்தை ஒத்துப்பார்க்க ஆளில்லாமல் போன நிலை என்று வைத்துக்கொள்ளலாம். உருவங்கள் பேசாது. அவை நிஜமில்லை என்பதும் பெரும்பாலும் அவருக்கே தெரிந்திருக்கும். பேசினால், மிரட்டினால், அல்லது நிஜம் என்றே அவர் நம்பினால் அது வேறு விஷயம், தாமதிக்காமல் மருத்துவரிடம் சொல்லுங்கள்.

பைத்தியம் என்பார்களோ என்று பயந்து வருடக்கணக்கில் வெளியே சொல்லாமல் இருந்த ஒரு பாட்டி, டெஸ்ட் முடிந்து மகள் தள்ளி நின்றபோது என் கையைப் பிடித்துக்கொண்டு மெல்லக் கேட்டார். 'இது பலருக்கு வரும் பாட்டி' என்ற ஒரு வார்த்தைக்கே அழுதுவிட்டார். உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குப் பார்வை மங்கியிருந்தால் நீங்களே முந்திக்கொண்டு கேளுங்கள்.

பயிற்சி குடுத்தா போன பாதி திரும்பி வருமா?

தானாகத் திரும்புவது பெரும்பாலும் முதல் மூன்று மாதங்களில் நடக்கும். ஆறு மாதத்துக்குப் பிறகு மீள்வது குறைவு. அதற்குப் பிறகு பலன் தருவது தேடிப் பார்க்கும் பயிற்சி. போன பக்கத்துக்குக் கண்ணையும் தலையையும் அடிக்கடி வீசிப் பார்க்கப் பழக வேண்டும். வரைபடம் மாறாது, ஆனால் இடிபடுவது குறையும். அறியாப் பார்வையைத் தீட்டினால் நடமாட்டத்துக்கு உதவுமா என்று பல ஆய்வகங்கள் முயல்கின்றன. அதைக் காட்டிப் பெரும் பணம் கேட்கும் விளம்பரங்களை நம்பிவிடாதீர்கள்.

வாசிப்பைப் பற்றி யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. தமிழை இடமிருந்து வலமாகப் படிப்பதால், வலது பாதி போனவர் படும் பாடு அதிகம். நம் சொற்களோ நீளமானவை. 'வந்துகொண்டிருக்கவில்லை' என்பதில் 'வந்து' மட்டும் கண்ணில் பட்டால் பொருளே தலைகீழாகிவிடும். தாளை 90 பாகை திருப்பி, வரிகள் மேலிருந்து கீழே ஓடும்படி வைத்துப் படிக்கச் சொல்லிக் கொடுப்பேன். பழக ஒரு வாரம் ஆகும். இடது பாதி போனவர்களுக்கு வரியின் தொடக்கம் தவறும். அவர்கள் இடது ஓரத்தில் ஒரு சிவப்புக் கோடு போட்டு, ஒவ்வொரு வரியிலும் அந்தக் கோடு கண்ணில் படும்வரை பின்னால் வர வேண்டும்.

வண்டி ஓட்டலாமா?

கூடாது. ஓட்டலாம் என்று மருத்துவர் எழுத்தில் தரும்வரை சைக்கிளும் வேண்டாம். அம்மா தலையைச் சாய்த்ததை நம்பி ஸ்கூட்டரைக் கொடுத்துவிடாதீர்கள்.

இந்த அறியாப் பார்வை மூளை அடிபட்டவங்களுக்கு மட்டும்தானா? நமக்கெல்லாம் கிடையாதா?

நமக்கும் உண்டு, வெளிச்சமான பார்வையின் நிழலில் ஒளிந்திருக்கிறது. அதைப் பிரித்துக் காட்டியவர் டி.எஃப். என்ற பெண். 1988-இல் குளியலறையில் நீர் சூடாக்கும் கருவியிலிருந்து கசிந்த கார்பன் மோனாக்சைடு அவரது மூளையைத் தாக்கியது. (காற்றோட்டம் இல்லாத குளியலறையில் கேஸ் கீசர் வைத்திருப்பவர்கள் இன்றே அதை மாற்றுங்கள். இந்த வாயுவுக்கு வாசனை கிடையாது.) பார்வைப் பகுதி பெருமளவு தப்பியது. ஆனால் வடிவம் எதுவும் புரியவில்லை.

மெல்வின் குடேல், டேவிட் மில்னர் இருவரும் அவர் முன் தபால் பெட்டி போன்ற ஒரு பிளவை வைத்தார்கள். அது சாய்ந்திருக்கும் கோணத்துக்கு ஏற்றபடி கையிலுள்ள அட்டையைச் சாய்த்துக் காட்டுங்கள் என்றால் அவரால் முடியவில்லை. அட்டையை உள்ளே போடுங்கள் என்றதும் கை தானாகத் திரும்பிச் சரியாக நுழைந்தது. 1991-இல் வெளியான இந்த முடிவிலிருந்து, 'அது என்ன' என்று சொல்லும் பாதை வேறு, 'அதை எப்படி எடுப்பது' என்று கையை நடத்தும் பாதை வேறு என்று அவர்கள் வாதிட்டார்கள். பேசிக்கொண்டே டம்ளரை எடுக்கும்போது உங்கள் விரல்கள் டம்ளரின் அளவுக்கு எப்போது விரிந்தன என்று கவனித்ததுண்டா?

'தெரியுது'ங்கற அந்த உணர்வு மூளையில எந்த இடத்துல இருக்கு?

அந்த இடத்தைத் தேடுவதற்கு ஒரு நல்ல வழி உண்டு. இடது கண்ணுக்கு ஒரு படமும் வலது கண்ணுக்கு வேறொரு படமும் காட்டினால் இரண்டும் கலப்பதில்லை. சில நொடிகள் ஒன்று, பிறகு மற்றொன்று என்று மாறிக்கொண்டே இருக்கும். கண்ணுக்கு வருவது மாறவில்லை, தெரிவது மட்டும் மாறுகிறது. நிக்கோஸ் லோகோதெடிஸ் குரங்குகளுக்கு எந்தப் படம் தெரிகிறது என்று நெம்புகோலை இழுத்துச் சொல்லப் பழக்கி, கூடவே நரம்பு செல்களையும் பதிவு செய்தார். பிடரியில் முதல் பகுதியிலுள்ள செல்களில் சிலவே தெரிவதோடு சேர்ந்து மாறின. பொருட்களை அடையாளம் காணும் கீழ்ப்பக்கப் பகுதியில் பத்தில் ஒன்பது செல்கள் சேர்ந்து மாறின.

ஆனால் சேர்ந்து மாறுவதாலேயே அதுதான் காரணம் என்றாகிவிடாது. நரம்பியலாளர் கிறிஸ்டோஃப் காக், தத்துவவாதி டேவிட் சால்மர்ஸிடம் 1998-இல் பந்தயம் கட்டினார்: 25 வருடத்துக்குள் பிரக்ஞைக்கான, அதாவது 'தெரியுது' என்ற அந்த உணர்வுக்கான, நரம்பு அடையாளம் தெளிவாகக் கிடைத்துவிடும் என்று. 2023 ஜூனில் நியூயார்க் மேடையில் தோல்வியை ஒப்புக்கொண்டு ஒரு பெட்டி ஒயினைக் கொடுத்தார். பிரக்ஞையை விளக்குவதில் முன்னணியில் இருக்கும் இரண்டு கோட்பாடுகளை நேருக்கு நேர் மோதவிட்டு 256 பேரிடம் நடந்த பெரிய ஆய்வு 2025-இல் வெளியானது. இரண்டின் கணிப்புகளிலும் சில பொய்த்தன. தம் கோட்பாட்டை எந்த முடிவு உடைக்கும் என்று முன்கூட்டியே எழுதிக் கொடுத்துவிட்டு சோதனைக்கு உட்பட்டார்களே, அதற்காகவே அவர்கள்மேல் எனக்கு மரியாதை.

போன் கேமராகூட முகத்தைக் கண்டுபிடிக்குது. அப்ப அதுக்கும் தெரியுதா?

கண்டுபிடிப்பதை மட்டும் வைத்து அப்படிச் சொல்லிவிட முடியாது என்பதற்கு டி.என்.னே சாட்சி. கோப முகமா சிரித்த முகமா என்று ஊகிக்கச் சொன்னபோது அவரும் குருட்டாம்போக்கைவிடக் கூடுதலாகச் சரியாகச் சொன்னார். அவரது மூளையில் பயத்தைக் கையாளும் அமிக்டலாவும் அந்த முகங்களுக்கு விழித்துக்கொண்டது. அவருக்கோ எதிரே முகம் இருந்ததே தெரியாது. கேமராவுக்கு என்ன நேர்கிறது என்பதற்கு, அது சரியாகச் சொல்வதைத் தாண்டிய ஒரு சான்று வேண்டும்.

டி.என்.னோட காலுக்குத் தெரிஞ்சது அவருக்குத் தெரியலைன்னா, உங்க ஃபீல்ட் டெஸ்ட்டுல வர்ற கறுப்பு என்னத்தைத்தான் காட்டுது?

கல்லூரியில் படிக்கும் ஒரு பெண், தன் அப்பாவின் தாளைக் கையில் வைத்துக்கொண்டு கேட்ட கேள்வி இது. அன்று உடனே பதில் வரவில்லை. அந்தக் கறுப்பு, அந்த இடத்தில் ஒளி வந்தபோது பொத்தான் அழுத்தப்படவில்லை என்பதைக் காட்டுகிறது. ஒளி எங்கேயும் போய்ச் சேரவில்லை என்று அது சொல்லவில்லை. 'தெரிந்தால் அழுத்துங்கள்' என்றுதான் நானும் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். டி.பி.யை அந்தக் கருவிமுன் உட்கார வைத்திருந்தால் இடது பாதி முழுக்கக் கறுப்பாகத்தான் வந்திருக்கும்.

மருத்துவத்துக்கு அந்தத் தாள் போதும், அதை அப்படியேதான் கொடுக்கிறேன். ஆனால் ஸ்ட்ரோக் வந்தவர்களுக்கு டெஸ்ட் முடிந்ததும், நேரமிருந்தால், எதிரே உட்கார்ந்து அவர்களுக்குத் தெரியாத பக்கத்தில் என் கையை அசைக்கிறேன். தெரிகிறதா என்று கேட்பதில்லை. 'மேலே போகுதா, கீழே போகுதா, மனசுக்குத் தோணுறதைச் சொல்லுங்க ஐயா' என்கிறேன். அந்தப் பெண்ணின் அப்பா முதலில் 'எனக்கு எதுவும் தெரியலையேம்மா' என்றார். பிறகு சொன்ன பத்தில் எட்டு சரி. மகள் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.